பஞ்சமி நிலம்: உரிமைத் தகராறுகளும் தீர்வழிகளும்

பஞ்சமி நிலம் என்பது சென்னை மாகாண அரசு ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு நிபந்தனையுடன் ஒப்படை செய்த நிலம். தாலுகா அலுவலகப் பேச்சில் இது டி.சி. (டிப்ரஸ்டு கிளாஸ்) நிலம், கண்டிஷன் நிலம். ஒப்படை பெற்றவரின் வாரிசுக்கும் பின்னாளில் கிரயம் வாங்கியவருக்கும் இடையேதான் பெரும்பாலான தகராறுகள் எழுகின்றன. நிபந்தனை விதித்த அரசும் இவற்றில் ஒரு தரப்பு.

இதன் வேர் செங்கல்பட்டின் மிராசு முறையில் இருக்கிறது. அங்கு ஊர் நிலம் பங்குகளாக மிராசுதாரர் கையில் இருந்தது. 1790களில் ஆட்சியராக இருந்த லயனல் பிளேஸ் அவர்களோடு ஓயாமல் மல்லுக்கட்டினார். மிராசு உரிமை பற்றிய பதினேழு கேள்விகளுக்கு ஆங்கிலேய அதிகாரி எல்லிஸ் எழுதிய விடைகள் 1818இல் அச்சேறின. தரிசு நிலம் கேட்டு யார் தர்க்காஸ்து மனு கொடுத்தாலும் மிராசுதாரருக்கே முன்னுரிமை. பறையர் ஒருவர் மனு கொடுத்தால், அதை நானே எடுத்துக்கொள்கிறேன் என்று மிராசுதாரர் சொல்லிவிட்டால் போதும், மனு தள்ளுபடியாகும். சேரி மனைக்கும் அவரே உரிமை கோரினார். கூலி வேலைக்கு வர மறுத்தால் குடிசையைக் காலி செய்யச் சொல்ல அது வசதியாக இருந்தது. செங்கல்பட்டு ஆட்சியர் டிரமென்ஹீர் 1891இல் இவற்றையெல்லாம் அறிக்கையாக எழுதி அனுப்பினார். அதன் விளைவாக 1892 செப்டம்பர் 30 அன்று 1010, 1010அ எண்ணிட்ட வருவாய்த் துறை ஆணைகள் பிறந்தன. இவ்வாறு ஒதுக்கிய நிலம் 12 லட்சம் ஏக்கர் என்பது பரவலாக வழங்கும் கணக்கு.

ஒப்படையின் வழக்கமான நிபந்தனை இரண்டு: பத்து ஆண்டுகளுக்கு யாருக்கும் விற்கக்கூடாது, அதன்பின் விற்றாலும் அதே வகுப்பாருக்கே விற்க வேண்டும். மீறினால் நிலம் அரசுக்குத் திரும்பும். பின்னாளில் நீக்கப்பட்ட 1895ஆம் ஆண்டின் அரசு மானியச் சட்டம், மானியம் அதன் வாசகப்படியே செல்லும் என்றது. சொத்து மாற்றுச் சட்டம் அதைத் தடுக்கவில்லை. எனவே நிபந்தனையை மீறிய கிரயம் செல்லாது.

வாங்குபவர் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. அரசு தரும் மானியத்தைப் பத்திரப் பதிவு செய்யத் தேவையில்லை. அதனால் முப்பது ஆண்டுக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தாலும் நிபந்தனை பற்றி ஒரு வரியும் வராது. கிராம நிலப் பதிவேடான அ-பதிவேட்டின் குறிப்புக் கலத்தில் இருக்கும் டி.சி. என்ற இரண்டு எழுத்துதான் சாட்சி. 1979இல் தொடங்கிய யு.டி.ஆர். (நிலவுடைமைப் பதிவேடு புதுப்பிப்பு) பணியில் பதிவேடுகளைப் புதிதாக எழுதியபோது அந்த எழுத்துகள் விடுபட்டுப்போன ஊர்களும் உண்டு. அங்கெல்லாம் பழைய செட்டில்மென்ட் பதிவேட்டின் நகலைத் தேடி எடுக்க வேண்டும்.

பட்டாவில் பெயர் தவறாக ஏறியிருந்தால், 1983ஆம் ஆண்டின் பட்டா பாஸ்புத்தகச் சட்டப்படி முதலில் தாசில்தாரிடம் மனு, பின் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதன்பின் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. ஆனால் பட்டா உரிமைமூலம் ஆகாது. உரிமை யாருக்கு என்று முடிவு செய்வது சிவில் நீதிமன்றம். அங்கே குறித்த பரிகாரச் சட்டத்தின் 34ஆம் பிரிவில் விளம்புகை வழக்குப் போடலாம். நிலம் எதிரி அனுபோகத்தில் இருந்தால் சுவாதீனத்தையும் சேர்த்தே கேட்க வேண்டும். வெறும் விளம்புகை மட்டும் கேட்டால் கிடைக்காது. அரசு எதிர்த்தரப்பானால் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவில் இரண்டு மாத முன்னறிவிப்பு அனுப்ப வேண்டும். எதிரிடை அனுபோகம் கோருவோர், தனியாருக்கு எதிராக 12 ஆண்டு, அரசுக்கு எதிராக 30 ஆண்டு காட்ட வேண்டும். உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் உறுப்பின்கீழ் ரிட் மனு போடலாம், ஆனால் விசாரணையின்றிக் கிரயம் ரத்தானது போன்ற நடைமுறைத் தவறுகளுக்கே அது பயன்படும். சாட்சி விசாரித்து உரிமை யாருடையது என்று தீர்மானிக்கும் வேலையை அங்கே பொதுவாக எடுத்துக்கொள்வதில்லை.

1994இல் செங்கல்பட்டை அடுத்த காரணையில் நிலமீட்புப் போராட்டத்தின்மீது போலீஸ் சுட்டதில் இருவர் இறந்தனர். இத்தகைய நிலத்தை மீட்கக் கர்நாடகம் 1978இல் தனிச் சட்டம் இயற்றியது. உச்ச நீதிமன்றம் 1984இல் அதைச் செல்லும் என்றது. தமிழ்நாட்டில் அப்படியொரு சட்டம் இல்லை. வருவாய் வாரிய நிலையாணை 15ஐ வைத்தே வேலை நடக்கிறது.