தோசைக்கல்லில் கொரியன் புல்கோகி... பேரிக்காய் இருக்கட்டும், முதல்ல கத்தியைத் தீட்டுங்க!

கே-டிராமா பார்க்கிறவர்களுக்கு அந்தக் காட்சி மனப்பாடம். மேஜை நடுவில் அடுப்பு, கத்தரிக்கோலால் நறுக்கப்படும் கறி, பக்கத்தில் பச்சை பாட்டிலில் சோஜு. அதுதான் புல்கோகி என்று பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஆனால், கத்தரிக்கோல் போடுவது பெரும்பாலும் சம்கியோப்சல். அது எதிலும் ஊறவைக்காத பன்றி வயிற்றுக்கறி.

புல்கோகி வேறு ரகம். மெலிதாகச் சீவிய மாட்டிறைச்சியை சோயா சாஸ், சர்க்கரை, பூண்டு, பேரிக்காய்ச் சாற்றில் ஊறவைத்து வாட்டுவது. கொரிய மொழியில் 'புல்' என்றால் நெருப்பு, 'கோகி' என்றால் இறைச்சி. அவ்வளவுதான் பெயர்க்காரணம். இதற்கு மூத்தது 'நொபியானி'. 1392 முதல் 1910 வரை கொரியாவை ஆண்ட ஜோசான் வம்சத்து அரண்மனைச் சமையலோடு சேர்த்துப் பேசப்படுவது. கறியை இன்னும் கொஞ்சம் தடிமனாக வெட்டி, மேலே கத்தியால் லேசாகக் கீறிவிட்டு, கம்பி வலையில் சுடுவார்கள். இப்போது ஊருக்கு ஒரு ஸ்டைல். சியோலில் குழம்பு ததும்பும் குமிழ் வடிவ சட்டி. குவாங்யாங் நகரில் கரி அடுப்பு, அதிகம் ஊறவைக்காத கறி. நம்ம வீட்டு அடுப்புக்கு ஒத்துவருவது சுடும் ரகம்தான்.

கறிக்கடையில் என்ன கேட்பது?

கொரியாவில் ரிப்-ஐ, சர்லாயின் என்று கொழுப்பு ஓடிய துண்டுகளை எடுப்பார்கள். இங்கே மாட்டிறைச்சிக் கடையில் 'அண்டர்கட்' என்று கேளுங்க. முதுகெலும்புக்கு அடியில் இருக்கும் மிருதுவான பகுதி. அது கிடைக்கவில்லை என்றால் எலும்பில்லாத முதுகுக்கறி. தொடைக்கறி விலை குறைவு, ஆனால் நார் அதிகம். மாட்டிறைச்சி சாப்பிடாதவர்கள் எலும்பு நீக்கிய கோழித் தொடையில் செய்யலாம். கொரியர்களே அதை 'டாக் புல்கோகி' என்று செய்கிறார்கள்.

இனிமேல்தான் முக்கியமான வேலை. ஊறவைக்கும் சாறு கறிக்குள் ரொம்ப ஆழமாகப் போகாது. உப்பு கொஞ்சம் இறங்கும். பூண்டும் எண்ணெயும் மேலாகவே நின்றுவிடும். ராத்திரி முழுக்க ஊறவைத்தாலும் இதுதான் கதை. அதனால்தான் கொரியர்கள் கறியையே 3 மில்லிமீட்டருக்கு மெலிதாக்கிவிடுகிறார்கள். எல்லாமே மேல்பரப்பாகிவிட்டால் சாறு எங்கே போனால் என்ன?

பச்சைக்கறி வழுக்கும், மெலிதாக வராது. ஃப்ரீசரில் ஒரு மணி நேரம் வையுங்க. கல்லாக உறையக் கூடாது. விரலால் அழுத்தினால் லேசாக அமுங்கணும். பிறகு நார் எந்தத் திசையில் ஓடுது என்று பார்த்து, அதற்குக் குறுக்கே சீவுங்க. நார் போகிற திசையிலேயே வெட்டினால் ஒவ்வொரு துண்டும் நீளக் கயிறாக வாயில் சிக்கும். குறுக்கே வெட்டினால் அந்தக் கயிற்றைக் கத்தியே நறுக்கிவிடும், பல்லுக்கு வேலை மிச்சம்.

பேரிக்காயா, பப்பாளியா?

முற்றின ஆட்டுக்கறிக்கு பிரியாணி மாஸ்டர்கள் பப்பாளிக்காய் அரைத்துப் போடுவார்களே, பேரிக்காயும் அதே வேலையைத்தான் செய்கிறது, ரொம்ப சாதுவாக. இனிப்பும் தருகிறது. கொரியப் பேரி உருண்டையாக, தண்ணீர் நிறைந்து இருக்கும். கொடைக்கானல் பேரிக்காயைத் துருவினாலும் போதும். கிவி, அன்னாசி போடச் சொல்லும் ரீல்ஸ்களை நம்பி நிறைய ஊற்றிவிடாதீங்க. இரண்டிலும் புரதத்தை உடைக்கும் என்சைம் வலுவானது. ஒரு ஸ்பூன் கூடினாலும், நேரம் தாண்டினாலும் கறி கூழ் மாதிரி ஆகிவிடும். டின் அன்னாசியில் அந்த வேலையே நடக்காது, சூடாக்கும்போதே என்சைம் செத்துவிடும்.

அரை கிலோ கறிக்கு அளவு இது: சோயா சாஸ் 4 டேபிள்ஸ்பூன், சர்க்கரை 2 டேபிள்ஸ்பூன், துருவிய பேரிக்காய் பாதி, துருவிய சின்ன அளவு பெரிய வெங்காயம் பாதி, நசுக்கிய பூண்டு 5 பல், எண்ணெய் 1 டேபிள்ஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், நறுக்கிய வெங்காயத்தாள் ஒரு கைப்பிடி. தனியாக உப்பு வேண்டாம், சோயா சாஸே போதும். கறுப்பாகக் கெட்டியாக வரும் டார்க் சோயா சாஸ் எடுக்காதீங்க, நிறம்தான் ஏறும்.

எண்ணெயில் ஒரு சிக்கல். கொரியர்கள் ஊற்றுவது வறுத்த எள்ளில் எடுத்தது. நம்ம செக்கு நல்லெண்ணெய் வறுக்காத எள்ளில் ஆட்டியது, அந்த வாசனை வராது. கவலை வேண்டாம்: ஒரு டேபிள்ஸ்பூன் வெள்ளை எள்ளைப் பொன்னிறமாக வறுத்து, கொரகொரப்பாக நுணுக்கி நல்லெண்ணெயோடு சேர்த்துவிடுங்க. கிட்ட வந்துவிடும்.

எல்லாம் பிசறி, மூடி, ஃப்ரிட்ஜில் வையுங்க. மெல்லிய துண்டுக்கு அரை மணி முதல் இரண்டு மணி நேரம் போதும்.

கல் காயணும்

நான்-ஸ்டிக்கை விடுங்க. வார்ப்பிரும்பு தோசைக்கல்தான் இதற்கு ராஜா. தண்ணீர் தெளித்தால் துள்ளி ஓடும் அளவு காயவிடுங்க. கறியைச் சாற்றிலிருந்து வடித்து எடுத்து, ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் பரப்புங்க. மொத்தத்தையும் ஒரே தடவையில் கொட்டினால் கல் ஆறும், சாறு கசியும், கறி வேகுமே தவிர சுடாது. அரை கிலோவை மூன்று நான்கு ஈடாகப் போடணும். ஒரு பக்கம் ஒரு நிமிடம் தொடாமல் விட்டுத் திருப்புங்க. சர்க்கரை இருப்பதால் சட்டென்று கருகும், பக்கத்திலேயே நிற்கணும். ஓர் ஈடு முடிந்ததும் கல்லில் ஒட்டின சர்க்கரையைச் சுரண்டி எடுங்க, இல்லைன்னா அடுத்த ஈடு கசக்கும். மிச்சச் சாற்றைப் பச்சையாக ஊற்றாதீங்க. நன்றாகக் கொதிக்கவைத்தால் சாஸாகத் தொட்டுக்கலாம்.

கரி வாசனை வேணும் என்று கரி அடுப்பை வீட்டுக்குள்ளோ மூடின பால்கனியிலோ கொண்டுவராதீங்க. அதிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. ஜன்னலைத் திறந்து வைத்தால் போதும் என்று நினைப்பதும் ஆபத்து. மொட்டைமாடிக்குப் போங்க.

சாப்பிடுவது 'ஸ்ஸாம்' முறையில்: ஒரு லெட்யூஸ் இலையில் கொஞ்சம் சூடான சோறு, இரண்டு துண்டு கறி, ஒரு சீவல் பச்சைப் பூண்டு, விரல் நுனியளவு ஸ்ஸம்ஜாங் விழுது. மடித்து ஒரே வாயில் போட்டுக்கணும், கடித்து வைக்கக் கூடாது. மீந்தால் மறுநாள் அதே கல்லில் பழைய சோறு, ஒரு முட்டையோடு பிரட்டிக்கலாம். அதற்காகவே கொஞ்சம் கூடுதலாகச் செய்கிறவர்கள் உண்டு.