வில்ஹெல்ம் எவாங்: நோர்வேயின் புலனாய்வுத் தலைவரும் ஒரு தவறான கைதும்

இராஜதந்திரிகளும் உளவாளிகளும் ஒரே கட்டடத்தில் அருகருகே பணியாற்றுவது உலகின் எல்லாத் தலைநகரங்களிலும் வழமையானது. இராஜதந்திரி ஒருவர் உளவுத்துறையின் தலைவராக உயர்வதும் புதியதல்ல. ஐக்கிய நாடுகள் சபையில் பிரித்தானியாவின் நிரந்தரப் பிரதிநிதியாக இருந்த ஜோன் சோவர்ஸ், 2009ஆம் ஆண்டில் எம்.ஐ.6 அமைப்பின் தலைவரானார். நோர்வேயில் இதற்கு நேர்மாறான ஒரு வரலாறு உண்டு. சுமார் இருபது ஆண்டுகள் அந்நாட்டின் இராணுவப் புலனாய்வுச் சேவையை நடத்திய வில்ஹெல்ம் எவாங், பதவியை இழந்த பின்னர் நேட்டோ அமைப்பில் தமது நாட்டின் சார்பில் பணியாற்ற அனுப்பப்பட்டார். அவரது வீழ்ச்சிக்குக் காரணமான விவகாரமும் ஒரு தூதரகத்தில்தான் தொடங்கியது. அது மொஸ்கோவில் இருந்த நோர்வே தூதரகம்.

சமாதான அனுசரணையாளர் என்ற வகையிலேயே ஒஸ்லோவைத் தமிழர்களில் பெரும்பாலானோர் அறிவர். 2002ஆம் ஆண்டு இலங்கைப் போர்நிறுத்த உடன்படிக்கைக்கு நோர்வே அனுசரணை வழங்கியது. ஆனால் அதே நோர்வே, நேட்டோவை 1949இல் நிறுவிய 12 நாடுகளுள் ஒன்று. சோவியத் ஒன்றியத்துடன் வடக்கில் சுமார் 200 கிலோமீற்றர் நீள எல்லையையும் அது கொண்டிருந்தது. பனிப்போர்க் காலத்தில் இந்த அமைவிடமே நோர்வேயின் புலனாய்வுச் சேவைக்கு அதன் அளவை மீறிய முக்கியத்துவத்தைக் கொடுத்தது.

இடதுசாரி இளைஞர், இராணுவப் புலனாய்வாளர்

எவாங் 1909ஆம் ஆண்டு பிறந்தவர், விஞ்ஞானப் பட்டதாரி. போருக்கு முந்தைய ஆண்டுகளில் 'மூட் டாக்' என்ற தீவிர இடதுசாரி அறிவுஜீவிகள் குழுவில் அவர் அங்கம் வகித்தார். 'விடியலை நோக்கி' என்று பொருள்படும் அக்குழு 1936இல் கலைந்தபோதிலும், அதிலிருந்து வந்தவர்கள் பலர் பின்னாளில் நோர்வேயின் அரச நிர்வாகத்தில் உயர் பதவிகளை வகித்தனர்.

1940 ஏப்ரல் 9ஆம் திகதி ஜேர்மன் படைகள் நோர்வேயை ஆக்கிரமித்தன. மன்னரும் அரசாங்கமும் லண்டனில் புகலிடம் பெற்று அங்கிருந்தே போரை நடத்தினர். அங்கு இயங்கிய நோர்வே இராணுவத் தலைமையகத்தின் புலனாய்வுப் பிரிவில் எவாங் பணியாற்றினார். போர் முடிந்து நாடு திரும்பியதும், 1946இல் இராணுவப் புலனாய்வுச் சேவையின் தலைமை அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அக்காலத்தில் பாதுகாப்பு அமைச்சராக இருந்தவர் எதிர்ப்பியக்கத் தலைவர்களுள் ஒருவரான யென்ஸ் கிறிஸ்டியன் ஹௌகெ.

போருக்கு முன்னர் தன்னை நடுநிலை நாடாக அறிவித்திருந்தும் நோர்வே தாக்குதலிலிருந்து தப்பவில்லை. எச்சரிக்கைகள் சிதறலாக வந்து சேர்ந்தபோது, அவற்றைத் தொகுத்துப் பொருளுணர அரசிடம் பொருத்தமான ஏற்பாடு இருக்கவில்லை. அந்நிலை மீண்டும் ஏற்படக்கூடாது என்ற எண்ணமே எவாங்கின் தலைமுறையினரை வழிநடத்தியது. மீண்டும் ஓர் ஆக்கிரமிப்பு நேர்ந்தால் நாட்டுக்குள் இருந்தபடியே எதிர்ப்பைத் தொடர்வதற்கான இரகசிய வலையமைப்பு ஒன்றும் அவரது காலத்தில் உருவாக்கப்பட்டது. 1978ஆம் ஆண்டு ஆயுதக் களஞ்சியம் ஒன்றைப் பொலிசார் கண்டுபிடித்த பின்னரே அதன் இருப்பு பகிரங்கமாகியது.

வடதுருவத்தின் காதுகள்

சோவியத்தின் வடக்குக் கடற்படை நிலைகொண்டிருந்த கோலா தீபகற்பம் நோர்வேயின் எல்லைக்கு அருகில் உள்ளது. அங்கு நடப்பவற்றை வானொலி சமிக்ஞைகள் மூலம் ஒட்டுக் கேட்பதற்கு நோர்வேயின் வட மாவட்டத்தை விடச் சிறந்த இடம் அமெரிக்காவுக்குக் கிடைத்திருக்காது. சமாதான காலத்தில் தனது மண்ணில் அந்நியப் படைத்தளங்களை அனுமதிப்பதில்லை என்பது 1949 முதல் நோர்வேயின் கொள்கை. ஆகவே, கருவிகளுக்கும் செலவுக்கும் அமெரிக்கா பெருமளவில் உதவ, நிலையங்களில் நோர்வேஜியர்கள் பணியாற்றும் ஏற்பாடு வளர்ந்தது. இந்த ஒத்துழைப்பின் நோர்வேத் தரப்புச் சிற்பி எவாங் எனலாம். இளமையில் இடதுசாரியாக இருந்தவர் வாஷிங்டனின் நம்பிக்கைக்குரிய பங்காளியாக மாறினார்.

இதில் உள்ள ஆபத்து 1960 மே 1ஆம் திகதி வெளிப்பட்டது. பாகிஸ்தானின் பெஷாவரிலிருந்து புறப்பட்ட அமெரிக்காவின் யூ-2 உளவு விமானம் சோவியத் வான்பரப்பில் சுட்டு வீழ்த்தப்பட்டது. அது சென்றடையவிருந்த இடம் வட நோர்வேயிலுள்ள போடோ விமானத்தளம். உளவு விமானங்களுக்கு இடமளிக்கும் நாடுகளின் தளங்கள் தாக்கப்படும் என்று சோவியத் தலைவர் குருஷேவ் எச்சரித்தார். இவ்வாறான பறப்புக்குத் தாம் அனுமதி அளிக்கவில்லை என்று கூறிய ஒஸ்லோ, வாஷிங்டனிடம் தனது கண்டனத்தைத் தெரிவித்தது. நேச நாட்டின் திட்டங்களில் எவ்வளவு பங்கு புலனாய்வுத் தலைவருக்குத் தெரியும், அதில் எவ்வளவு பங்கு அமைச்சர்களுக்குத் தெரியும் என்ற கேள்வி அப்போதே எழுந்தது.

இரு சேவைகள், இரு தலைவர்கள்

நோர்வேயில் இரகசியப் பணிகள் இரு அமைப்புகளுக்கிடையே பிரிக்கப்பட்டிருந்தன. வெளிநாடுகளைப் பற்றிய தகவல்களைத் திரட்டுவது எவாங்கின் இராணுவப் புலனாய்வுச் சேவையின் பொறுப்பு. நாட்டுக்குள் உளவாளிகளைக் கண்டுபிடிப்பது பொலிஸ் கண்காணிப்புச் சேவையின் பொறுப்பு. பின்னதன் தலைவர் அஸ்பியோர்ன் ப்ரூன். இருவரும் போர்க்காலத் தலைமுறையினர். இருவரும் நீண்டகாலம் பதவியில் இருந்தவர்கள். எல்லைகள் தெளிவாக வகுக்கப்படாத இடங்களில் இரு சேவைகளும் மோதிக்கொண்டன. எவாங்கின் இடதுசாரிக் கடந்தகாலம் ப்ரூன் தரப்பின் அவநம்பிக்கையை மேலும் வளர்த்தது. அமைச்சுகள் இரண்டும் இப்பகையை அறிந்திருந்தும் தீர்த்து வைக்கவில்லை.

இந்நிலையில், 1961 டிசம்பரில் ஹெல்சிங்கியில் கேஜிபி அதிகாரியான அனடோலி கோலிட்சின் அமெரிக்கர்களிடம் சரணடைந்தார். மொஸ்கோவிலுள்ள நோர்வே தூதரகத்தில் பணியாற்றிய பெண் ஒருவர் சோவியத்தின் உளவாளியாக இருந்தார் என்பது அவர் தந்த தகவல்களுள் ஒன்று. பெயர் எதையும் அவர் கூறவில்லை. சிஐஏயின் எதிர்ப்புலனாய்வுப் பிரிவுத் தலைவர் ஜேம்ஸ் அங்கிள்டன், அத்தகவல் இங்கெபோர்க் லீக்ரென் என்பவரையே குறிக்கிறது என்று முடிவு செய்தார். லீக்ரென் எவாங்கின் ஊழியர். 1956 முதல் 1959 வரை மொஸ்கோ தூதரகத்தில் செயலாளராகப் பணியாற்றியவாறே, சிஐஏக்கு உதவும் இரகசியப் பணிகளையும் மேற்கொண்டவர். நாடு திரும்பிய பின் எவாங்கின் தலைமையகத்தில் பணிபுரிந்தார்.

அமெரிக்கத் தரப்பின் சந்தேகம் எவாங்கைத் தவிர்த்து நேரடியாக ப்ரூனுக்குத் தெரிவிக்கப்பட்டது. 1965 செப்டம்பர் நடுப்பகுதியில் லீக்ரென் கைது செய்யப்பட்டார். அவரது தலைவரான எவாங்குக்கு முன்னறிவித்தல் எதுவும் வழங்கப்படவில்லை. பொதுத் தேர்தலில் தொழிற்கட்சி தோல்வியுற்று ஆட்சி கைமாறவிருந்த வேளை அது.

விசாரணை மூன்று மாதங்கள் நீடித்தது. நீதிமன்றத்தில் நிற்கக்கூடிய சான்று எதுவும் கிடைக்காததால், டிசம்பரில் வழக்கு கைவிடப்பட்டு லீக்ரென் விடுவிக்கப்பட்டார். பின்னர் அவருக்கு இழப்பீடு வழங்கப்பட்டது. ஆயினும் போதிய ஆதாரமின்மையால் விடுதலையானவர் என்ற நிழல் அவரை விட்டு அகலவில்லை.

விவகாரத்தை ஆராய நீதிபதி மெல்பியின் தலைமையில் குழு ஒன்று நியமிக்கப்பட்டது. இரு சேவைகளுக்குமிடையே இருந்த ஒத்துழைப்பின்மை அதன் ஆய்வின் மையமாக அமைந்தது. இறுதியில் இரு தலைவர்களும் பதவிகளிலிருந்து அகற்றப்பட்டனர். ப்ரூன் பேர்கன் நகரின் பொலிஸ் தலைவரானார். எவாங் நேட்டோவுக்கு அனுப்பப்பட்டார்.

உண்மை வெளிவந்த 1977

கோலிட்சினின் தகவல் பொய்யானது அல்ல. அது வேறொருவரைக் குறித்தது. 1977 ஜனவரி 27ஆம் திகதி, வெளியுறவு அமைச்சின் ஊழியரான குன்வோர் கால்துங் ஹோவிக், கேஜிபி அதிகாரி ஒருவரைச் சந்தித்தபோது ஒஸ்லோவில் கையும் களவுமாகப் பிடிபட்டார். போர்க்காலத்தில் வட நோர்வேயில் ஜேர்மனியரால் சிறை வைக்கப்பட்டிருந்த சோவியத் கைதி ஒருவர் மீது அவர் கொண்ட காதலைக் கேஜிபி பயன்படுத்திக்கொண்டது. அவர் 1947 முதல் 1956 வரை மொஸ்கோ தூதரகத்தில் பணியாற்றியிருந்தார். அவர் அங்கிருந்து வெளியேறிய அதே ஆண்டில்தான் லீக்ரென் அங்கு சென்றார்.

ஒரே தூதரகம், ஒரே வகையான பதவி, அடுத்தடுத்த ஆண்டுகள். சந்தேகம் தவறான பெண்ணின் மீது விழுவதற்கு இவ்வளவு போதுமானதாக இருந்தது. உண்மையான உளவாளியோ அந்தக் கைதுக்குப் பின்னரும் 11 ஆண்டுகளுக்கு மேல் அமைச்சின் ஆவணங்களைத் தொடர்ந்து கையளித்து வந்தார். ஹோவிக் குற்றத்தை ஒப்புக்கொண்டார். வழக்கு விசாரணைக்கு வருமுன்னரே அதே ஆண்டு ஆகஸ்டில் காவலில் காலமானார். லீக்ரென் குற்றமற்றவர் என்பது இவ்வாறே ஐயத்துக்கிடமின்றி உறுதியாகியது. எவாங் 1983இல் மறைந்தார்.

அதற்கு அடுத்த ஆண்டு மற்றொரு அதிர்ச்சி காத்திருந்தது. வெளியுறவு அமைச்சின் பத்திரிகைப் பிரிவுத் தலைவரான ஆர்னே ட்ரெஹோல்ட், 1984 ஜனவரியில் ஒஸ்லோவின் போர்னெபு விமான நிலையத்தில் கைதானார். சோவியத்துக்கும் ஈராக்குக்கும் உளவு பார்த்ததாக 1985இல் அவருக்கு 20 ஆண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. 1992இல் மன்னிக்கப்பட்ட அவர் 2023இல் காலமானார்.

யார் யாரைக் கண்காணிப்பது?

எவாங்கின் வாழ்க்கை சிறிய நாடொன்றின் புலனாய்வுத் தலைவர் எதிர்நோக்கும் இக்கட்டைக் காட்டுகிறது. வலிமை மிக்க நேச நாட்டின் உதவியின்றி அவரால் இயங்க முடியாது. ஆனால் அந்நாடு தரும் சந்தேகத்தை உறுதியான சான்றாகக் கொண்டால், சொந்தக் குடிமக்களே பலியாவர். 1965இல் அங்கிள்டனின் ஊகத்தைச் சோதித்துப் பார்த்திருக்கக்கூடிய இரு சேவைகளும் ஒன்றோடொன்று பேசும் நிலையில் இருக்கவில்லை. தலைவர்களுக்கிடையிலான பகைக்கு விலை கொடுத்தவர் ஒரு செயலாளர்.

இவ்விவகாரத்துக்கான நிறுவனரீதியான பரிகாரம் மிகத் தாமதமாகவே வந்தது. நீதிபதி கேடில் லுண்ட் தலைமையிலான ஆணைக்குழு, இரகசியச் சேவைகள் பல தசாப்தங்களாக இடதுசாரிகளைச் சட்டவிரோதமாகக் கண்காணித்து வந்ததை 1996இல் அம்பலப்படுத்தியது. அதே ஆண்டில், எல்லா இரகசியச் சேவைகளையும் மேற்பார்வை செய்ய நாடாளுமன்றம் நியமிக்கும் நிரந்தரக் குழு செயற்படத் தொடங்கியது. தாம் அநியாயமாகக் கண்காணிக்கப்படுவதாகக் கருதும் எவரும் இக்குழுவிடம் முறையிடலாம். நோர்வேயில் வாழும் புலம்பெயர்ந்தோருக்கும் இவ்வுரிமை உண்டு.

இத்தகைய மேற்பார்வை தவறுகளை முற்றாகத் தடுத்துவிடும் என்று எவரும் கூறுவதில்லை. எனினும், பெயர் குறிப்பிடாத ஒரு தகவல் ஓர் அப்பாவியின் பெயராக மாறுவதற்கு முன்னர், அதற்கு என்ன ஆதாரம் என்று கேட்கும் அதிகாரம் சேவைகளுக்கு வெளியே ஒருவரிடம் இருக்க வேண்டும். 1965இல் ஒஸ்லோவில் அப்படி ஒருவர் இருக்கவில்லை. பயங்கரவாத எதிர்ப்பின் பெயரால் நாடுகள் தமக்கிடையே பெயர்ப்பட்டியல்களைப் பரிமாறிக்கொள்ளும் இக்காலத்தில், இங்கெபோர்க் லீக்ரெனின் அனுபவம் நோர்வேக்கு வெளியேயும் கவனத்துக்குரியதாகும்.