பள்ளி வாசலில் ஒரு தலைத்துணி

மாணவ மாணவியரே, வரலாறு என்றவுடன் போர்களும் முடிசூட்டு விழாக்களுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஒரு சிறு துணிக்கும் வரலாறு உண்டு. இந்தோனேசிய முஸ்லிம் பெண்களின் தலைத்துணியைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன்.

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் அந்நாட்டு முஸ்லிம் பெண்களுள் பலர் மெல்லிய துணியொன்றைத் தலைமீது தளர்வாகப் போட்டுக்கொண்டனர். அதற்குக் கெருடுங் என்று பெயர். வெறுந்தலையுடன் இருந்தோரும் பலர். 1917-இல் யோக்யகர்த்தாவில் தோன்றிய ஆயிஷியா மாதர் சங்கத்தாரும், 1923-இல் மேற்குச் சுமாத்திராவின் படாங் பாஞ்சாங்கில் பெண்களுக்கெனப் பள்ளி கண்ட ரஹ்மா எல் யூனுஸியாவும் தலையை மூடியவர்களே. அத்துணி அவர்களுடைய கல்விக்கும் தொண்டிற்கும் தடையாக நிற்கவில்லை.

1970-களின் பிற்பகுதியில் காற்று மாறியது. பாண்டுங் நகரத்துச் சல்மான் பள்ளிவாசல் போன்ற இடங்களில் கல்லூரி மாணவர் கூடிச் சமயம் பயின்றனர். 1979-இல் ஈரானில் நிகழ்ந்த புரட்சியும் இளைஞர் உள்ளத்தைத் தொட்டது. கூந்தலும் கழுத்தும் முற்றும் மறையும்படி அணியும் ஜில்பாபை மாணவியர் சிலர் விரும்பி மேற்கொண்டனர். அதில் பக்தியைக் காட்டிலும் அரசியலையே கண்டது, அதிபர் சுகார்த்தோவின் அரசு. 1982-இல் பிறந்த சீருடை ஆணை அரசுப் பள்ளிகளில் ஜில்பாபுக்கு இடமளிக்கவில்லை. துணியைக் களைய மறுத்த மாணவியர் பலர் பள்ளியை இழந்தனர். சிலர் தனியார் பள்ளிகளை நாடினர். சிலர் நீதிமன்றத்தின் கதவைத் தட்டினர். 1989-இல், ஜில்பாப் அணிந்த பெண்கள் சந்தைகளில் நஞ்சு கலக்கின்றனர் என்ற பொய் வதந்தியும் ஜாவாவில் பரவியது. இறுதியில், 1991-இல் புதிய ஆணையொன்று ஜில்பாபை அனுமதித்தது.

கதை அத்துடன் முடிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். 1998-இல் சுகார்த்தோ பதவி இழந்தார்; பின்னர் அதிகாரம் மாவட்டங்களுக்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது. 2005-இல் படாங் நகர மேயர், முஸ்லிம் மாணவியர் தலைத்துணி அணிய வேண்டும் என்று பணித்தார். நாளடைவில் அவ்வழக்கம் பிற சமயத்து மாணவியரையும் நெருக்கிற்று. 2021 ஜனவரியில் அந்நகரப் பள்ளியொன்றில் கிறிஸ்தவ மாணவி ஒருத்தி வற்புறுத்தப்பட்ட செய்தி நாடெங்கும் பரவியது. அடுத்த மாதமே மூன்று அமைச்சர்கள் கூடி, அரசுப் பள்ளிகள் சமய உடையைத் திணிக்கவும் கூடாது, தடுக்கவும் கூடாது என்று ஆணையிட்டனர். அவ்வாண்டு மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் அவ்வாணையை நீக்கிவிட்டது.

அன்று துணியைக் களையாதவளுக்குக் கதவு அடைக்கப்பட்டது. பின்னர் துணியை அணியாதவளுக்கு நெருக்கடி வந்தது. மனம் ஒப்பி, இறைவன்மேற்கொண்ட அன்பால் அதனை அணியும் பெண்கள் அங்கே மிகப் பலர். அவர்கள் உரிமையைக் குறைத்துப் பேசுவது என் கருத்தன்று. ஆணை இல்லாத இடத்திலும் ஆசிரியரின் ஒரு சொல், தோழியரின் கேலி, அண்டை வீட்டாரின் பார்வை ஆகியவை ஆணையினும் வலியவாக அமைந்துவிடுகின்றன என்பதே என் கவலை.

பல்லாண்டுகள் தலைமையாசிரியனாகப் பள்ளி வாசலில் நின்று சீருடை பார்த்தவன் நான். உடை ஒழுங்காக உள்ளதா என்று நோக்கினேன். உடுத்தியிருப்பவளின் உள்ளத்தை ஒருநாளேனும் கேட்டேனா? இவ்வரலாற்றைப் படித்த பின்னர் அக்கேள்வி என்னை விட்டு அகலவில்லை. நாளை ஆசிரியராகவும் அதிகாரியாகவும் அமரப்போகும் நீங்களாவது முதலில் அவளைக் கேளுங்கள்.