ஜஃபர் துப்பறிந்தாரா?

துப்பறியும் கதையின் தொடக்கம் 'ஆயிரத்தொரு இரவுகள்' என்று நம்மவர் பெருமையாகச் சொல்வதுண்டு. 'மூன்று அப்பிள்கள்' கதையைக் காட்டி நானும் வகுப்பில் அப்படித்தான் சொன்னேன். திரும்ப வாசித்தபோது வெட்கமாகப் போயிற்று.

தைகிரீஸ் நதியில் கிடைத்த பெட்டியில் ஒரு பெண்ணின் சடலம். மூன்று நாளில் கொலையாளியைப் பிடிக்காவிட்டால் வஸீர் ஜஃபரின் உயிர் போகும் என்கிறார் கலீபா ஹாரூன் அல் ரஷீத். ஜஃபர் என்ன செய்தார்? வீட்டுக்குள்ளேயே இருந்தார்! கொலையாளி தானாக வந்து ஒப்புக்கொண்டான். ஓர் அடிமை அப்பிளைக் காட்டிச் சொன்ன பொய்யை நம்பித்தான் மனைவியைக் கொன்றானாம். அந்த அடிமையைத் தேடச் சொன்னபோதும் ஜஃபர் மினக்கெடவில்லை. மகளை அணைத்து விடைபெறுகையில் அவளது சட்டைக்குள் அப்பிள் தட்டுப்படுகிறது. கொடுத்தவன் அவர் வீட்டு அடிமையேதான்.

தடயம் பார்த்து யோசிக்கும் டூபினை எட்கார் அலன் போ 1841இல் படைத்தார். ஜஃபரின் கதையோ கழா கத்ரை நம்பி ஓடுகிறது. அடுத்த தவணை பிள்ளைகளுக்குத் திருத்திச் சொல்ல வேண்டும்.