ஞாயிற்றில் கண்ட வாயு
ஈலியம் கண்டறியப்பட்ட வரலாறு

மூலகங்களுள் சாதாரண வெப்பநிலையில் வாயுவாக உள்ளவை பதினொன்றே. ஐதரசன், நைதரசன், ஒட்சிசன், புளோரின், குளோரின் ஆகிய ஐந்தும், ஈலியம், நேயன், ஆகன், கிறிப்தன், செனன், இரேடன் ஆகிய சடத்துவ வாயுக்கள் ஆறும் அவையாம். இவற்றுள் பத்து மூலகங்கள் இப்புவியிலேயே கண்டறியப்பட்டன. 1766இல் கவண்டிசு ஐதரசனை ஆராய்ந்ததும், 1774இல் பிரீத்திலி ஒட்சிசனைப் பெற்றதும் ஆய்கூடங்களிலேயே நிகழ்ந்தன. ஈலியம் ஒன்றே முதலில் ஞாயிற்றிலும் பின்னர் புவியிலும் காணப்பட்டது. அவ்வரலாற்றின் முற்பகுதி வங்கக் கடற்கரையிலும், பிற்பகுதியின் ஒரு கூறு இலங்கை மண்ணிலும் நிகழ்ந்தமை நம்மவர் பலர் அறியாதது.

“1868ஆம் ஆண்டு குண்டூரில் கிரகணத்தின்போது ஜான்சென் ஈலியத்தைக் கண்டுபிடித்தார்” என்று ஒரே வாக்கியத்தில் கூறி முடிக்கும் நூல்கள் பல. மாணவர் மனப்பாடம் செய்வதற்கு அவ்வாக்கியம் எளிது. ஆயினும் அது முழு உண்மையன்று. ஒரு பொருளைக் காண்பது வேறு. கண்டது இன்னதென்று அறிவது வேறு. இவ்விரண்டையும் ஒன்றாக்கினால், உழைத்தவர் பலருடைய பங்கு மறைந்துபோகும். விஞ்ஞானம் வளரும் முறையும் விளங்காது போகும்.

கிரகணத்திற்கு ஒன்பது ஆண்டுகளின் முன்னரே இதற்கான வழி திறக்கப்பட்டிருந்தது. கேர்ச்சோவு, புன்சன் என்னும் செருமானிய அறிஞர் இருவரும், எரியும் ஒவ்வொரு மூலகமும் தனக்கேயுரிய நிறக் கோடுகளை ஒளியின் நிறமாலையில் காட்டும் என்று 1859இலும் அதனையடுத்தும் நிறுவினர். சோடியத்தை எரித்தால் மஞ்சள் நிறத்தில் இணைபிரியா இரு கோடுகள் தோன்றும். இவற்றின் அலைநீளங்கள் 589.0, 589.6 நனோமீற்றர் ஆகும். எனவே, கோடிக்கணக்கான மைல்களுக்கு அப்பாலுள்ள ஞாயிற்றின் பொருள்களையும் அதன் ஒளியைக் கொண்டே ஆராயலாம் என்னும் நிலை தோன்றியது. எனினும் ஞாயிற்றின் விளிம்பில் எழும் செந்நிறச் சுவாலைகளைப் பகலொளி மறைத்தது. அவற்றை ஆராய முழுக் கிரகணத்திற்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது.

18-8-1868 அன்று அவ்வாய்ப்பு வந்தது. பெரியகல்லாற்று மக்கள் நாள்தோறும் ஞாயிறு எழக் காணும் இதே வங்கக் கடலின் வடமேற்குக் கரையில் உள்ளது மசூலிப்பட்டணம். சந்திரனின் நிழல் மசூலிப்பட்டணம், குண்டூர் வழியாகச் சென்று கடலைக் கடந்து சீயம் வரை நீண்டது. பிரான்சு நாட்டு ஜான்செனும் ஆங்கிலேயத் தளபதி தெனந்தும் குண்டூரில் தங்கினர். சென்னை வானாய்வு நிலையத்தின் தலைவர் போக்சன் மசூலிப்பட்டணத்திற்குச் சென்றார். அந்நிலையத்தில் பணிபுரிந்த சிந்தாமணி இரகுநாதாசாரியார் நிசாம் ஆட்சிக்குட்பட்ட வனபர்த்தியில் நின்று கிரகணத்தை நோக்கினார். முந்திய ஆண்டிலேயே ஒளிமாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்த பெருமை அவருக்குண்டு. சீயத்தில் அந்நாட்டு மன்னர் மொங்குட்டு தாமே கணித்து, விருந்தினரை அழைத்துச் சென்று கிரகணத்தைக் கண்டார். அங்கே பற்றிய காய்ச்சலால் சில வாரங்களில் உயிர்நீத்தார்.

சில நிமிடங்களே நீடித்த அவ்விருளில் நோக்கியோர் பலர் சுவாலைகளின் நிறமாலையில் ஒளிமிக்க கோடுகளைக் கண்டனர். ஆகவே சுவாலைகள் எரியும் வாயுக்களே என்பதும், அவற்றில் ஐதரசன் மிகுதியென்பதும் உறுதியாயின. மஞ்சட் கோடு ஒன்றும் தென்பட்டது. அதனைப் பெரும்பாலோர் சோடியத்தின் கோடெனவே கொண்டனர். போக்சன் மட்டும் அது சோடியக் கோட்டின் இடத்தில் உள்ளதோ, அதற்கு அருகில் உள்ளதோ என ஐயுற்றுக் குறித்தார். அவருடைய அறிக்கை ஐரோப்பிய அறிஞரிடையே பரவலாகப் படிக்கப்படவில்லை.

ஜான்செனின் உண்மையான சாதனை மறுநாள் நிகழ்ந்தது. கோடுகளின் ஒளியைக் கண்டு வியந்த அவர், கிரகணம் இன்றியே அவற்றைக் காணலாமென்று துணிந்தார். ஆகஸ்டு 19ஆம் நாள் குண்டூரின் காலை வெயிலிலேயே அவற்றைக் கண்டார். அதே முறையை இலண்டனில் யுத்த அலுவலக எழுதுவினைஞராக இருந்த நோர்மன் லொக்கியர் தாமே வகுத்து, ஒக்டோபர் 20ஆம் நாள் வெற்றி கண்டார். இருவருடைய செய்திகளும் பாரிசு விஞ்ஞானக் கழகத்தை ஒரே நாளில் எட்டின. பிரெஞ்சு அரசு இருவர் உருவங்களையும் ஒரே பதக்கத்தில் பொறித்துச் சிறப்பித்தது. அப்பதக்கம் புதிய முறைக்காக வழங்கப்பட்டதேயன்றிப் புதிய மூலகத்திற்காக அன்று.

மஞ்சட் கோட்டின் இடத்தை நுணுகி அளந்தவர் லொக்கியர். அதன் அலைநீளம் 587.6 நனோமீற்றர், சோடியக் கோடுகளோடு அது பொருந்தவில்லை. பிராங்குலந்து என்னும் இரசாயன அறிஞரின் துணையோடு ஐதரசனிலிருந்து அக்கோட்டைப் பெற முயன்றார், இயலவில்லை. எனவே புதிய மூலகம் ஒன்று உண்டென்னும் கருத்து எழுந்தது. ஞாயிற்றைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து ஈலியம் என்னும் பெயர் பிறந்தது. சோடியம், பொற்றாசியம் போல ‘இயம்’ என்னும் ஈறு அமைந்தமையால், அதனை உலோகமெனக் கருதினர் என்பது புலனாகும். காணாத பொருளுக்கு இட்ட பெயர் பிழையோடே நிலைத்துவிட்டது. அதன் பின்னரும் இருபத்தைந்து ஆண்டுகள் இரசாயன அறிஞர் பலர் அதனை நம்பவில்லை. இடையில் 12-12-1871இல் மலபார்க் கரையிலும் யாழ்ப்பாணத்திலும் திருக்கோணமலையிலும் முழுக் கிரகணம் காணப்பட்டபோது, லொக்கியர் தலைமையில் ஒரு குழு இப்பகுதிகளுக்கு வந்து ஆராய்ந்தது.

1895ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில், இலண்டன் யூனிவேர்சிற்றிக் கல்லூரிப் பேராசிரியர் வில்லியம் இராம்சே, யுரேனியம் கொண்ட கிளீவைற்று என்னும் கனிமத்தை அமிலத்திலிட்டு ஒரு வாயுவைப் பெற்றார். அவர் தேடியது ஆகனை. கிடைத்ததோ ஞாயிற்றின் மஞ்சட் கோட்டைக் காட்டிய வாயு. சுவீடனில் கிளீவு, லாங்கிலெற்று ஆகிய இருவரும் அதே ஆண்டில் தனித்து அதனைப் பெற்றனர். அரிய வாயுக்களை ஆராய்ந்தமைக்காக இராம்சே 1904இல் நோபற் பரிசு பெற்றார். அவரே 1900ஆம் ஆண்டில் இந்தியாவிற்கு வந்து, தாதா நிறுவ எண்ணிய விஞ்ஞானக் கழகத்திற்குப் பெங்களூரைப் பரிந்துரைத்தவர். அவரோடு நேயன், கிறிப்தன், செனன் ஆகியவற்றைக் கண்டறிந்த திராவேர்சு அக்கழகத்தின் முதற் பணிப்பாளரானார்.

இனி இலங்கையின் பங்கு வருமாறு. இராம்சே கற்பித்த அதே கல்லூரியில் நிலநூலும் தாவரநூலும் பயின்றவர், சேர் முத்துக்குமாரசுவாமியின் புதல்வரான ஆனந்த குமாரசுவாமி. பின்னாளில் கலைத்துறையில் உலகப் புகழ் பெற்ற அவர், அப்போது இலங்கைக் கனிமவள அளவையின் பணிப்பாளராக விளங்கினார். பலாங்கொடைப் பகுதியில் மாணிக்கக்கல் அரிக்கும் மணலில், கனமான கரிய கனசதுரப் பளிங்குகள் கிடைத்தன. ஹொலண்டு என்பவர் அவற்றைக் கவனத்திற்குக் கொணர்ந்தார். முதலில் யுரேனியக் கனிமம் எனக் கருதப்பட்ட அவற்றை இலண்டனில் தன்சுதன் பகுத்தாய்ந்து, 1904இல் தோரியனைற்று எனப் பெயரிட்டார். இங்கும் கண்டவர் ஒருவர், ஆராய்ந்தவர் வேறொருவர்.

இக்கனிமத்தில் ஒரு கிராமிலிருந்து ஏறத்தாழ 9 கன சென்ரிமீற்றர் ஈலியம் வெளிப்பட்டது. யுரேனியமும் தோரியமும் சிதையும்போது வெளிவரும் அல்பாத் துணிக்கைகளே ஈலியமாகின்றன என்பதை இரதபோட்டும் உறொயிட்சும் 1908இல் ஐயந்திரிபற நிறுவினர். எனவே கல்லினுள் சேர்ந்த ஈலியம் அக்கல்லின் வயதைக் கூறும் கடிகாரமாயிற்று. இலங்கைத் தோரியனைற்றைக் கொண்டு இசுற்றற்று அவ்வாறு கணித்தபோது, அதன் வயது கோடிக்கணக்கான ஆண்டுகள் என்பது தெரிந்தது. அதே கனிமத்தை இராம்சேயின் ஆய்கூடத்தில் ஆராய்ந்த ஒற்றோ ஆன் என்னும் இளைஞர் 1905இல் இரேடியோதோரியத்தைக் கண்டார். பிற்காலத்தில் அணுப்பிளவைக் கண்டமைக்காக நோபற் பரிசு பெற்றவர் அவரே.

ஈலியத்தின் பயன்களும் அதன் இயல்பிலிருந்தே எழுவன. அது காற்றினும் ஏழு மடங்கு இலேசானது, எரியாதது. ஐதரசன் நிரப்பப்பட்ட இந்தன்பேர்க்கு வான்கப்பல் 6-5-1937இல் தீப்பற்றி முப்பத்தாறு உயிர்களைப் பலிகொண்டபோது, இவ்வியல்பின் அருமையை உலகம் உணர்ந்தது. அதன் கொதிநிலை −269 பாகை சென்ரிகிரேட்டு அளவினது. 1908இல் காமர்லிங்கு ஒன்னசு அதனைத் திரவமாக்கினார். இன்று மருத்துவமனைகளிலுள்ள காந்தப் படக் கருவிகள் பலவற்றின் மின்சுருள்களைக் குளிர்விப்பது அத்திரவமே. வணிகத்திற்கான ஈலியம் இயற்கை வாயுவிலிருந்து பிரித்தெடுக்கப்படுகிறது. வளிமண்டலத்தில் விடப்பட்ட ஈலியம் மேலேறி, காலப்போக்கில் விண்வெளிக்குச் சென்றுவிடும். பாறைகள் கோடியாண்டுகளாகச் சேர்த்த செல்வத்தை மனிதர் ஒரு நொடியில் இழக்கலாமென்பது சிந்திக்கத்தக்கது.

ஈலியத்தைக் கண்டவர் யார் என்னும் வினாவிற்கு ஒரு பெயரை விடையாகக் கூறுதல் பொருந்தாது. குண்டூரில் ஒளி காணப்பட்டது. மசூலிப்பட்டணத்தில் ஐயம் பிறந்தது. இலண்டனில் அளவும் பெயரும் அமைந்தன. கனிமத்திலிருந்து வாயு கைக்கு வந்தது. இலங்கைக் கல் அதன் பிறப்பை விளக்கத் துணைநின்றது. நம் நாட்டின் பங்கைப் பெரிதாக்கிப் பேசுதலும் மறந்துவிடுதலும் ஒருங்கே தவறாம். எல்லோரும் சோடியம் என்று கொண்ட கோட்டைச் சற்றே ஐயுற்று நோக்கும் கண்ணே, மாணவர் இவ்வரலாற்றிலிருந்து பெறத்தக்க செல்வம்.