பட்டியலை எழுதியது யார்?

ஜூரி முறையில், ஒருவர் குற்றவாளியா இல்லையா என்று முடிவு செய்வது நீதிபதி அல்ல, சாதாரணக் குடிமக்கள். வழக்கமாகப் பன்னிரண்டு பேர். சாட்சியங்களைக் கேட்டு, தனி அறையில் கூடிப் பேசி, தீர்ப்புச் சொல்வார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தப் பன்னிரண்டு பேர் எந்தப் பட்டியலிலிருந்து வருகிறார்கள்? அதை எழுதுவது யார்?

வெள்ளை ஆண்கள் மட்டுமே ஜூரியில் அமரலாம் என்ற மேற்கு வர்ஜீனியா மாநிலச் சட்டம் செல்லாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1880-லேயே சொல்லிவிட்டது. அதனால் என்ன? தென் மாநிலங்களில் சட்டத்தில் எழுதாமலே காரியத்தை முடித்தார்கள். கருப்பர்களின் பெயரைப் பட்டியலில் சேர்க்காமல் விட்டார்கள்.

1931 மார்ச். அலபாமாவில் சரக்கு ரயிலிலிருந்து ஒன்பது கருப்பின இளைஞர்களைப் பிடித்து இறக்கினார்கள். இரண்டு வெள்ளைப் பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்ததாக வழக்கு. ஸ்காட்ஸ்பரோ நகரில், வெள்ளையர் மட்டுமே கொண்ட ஜூரிகளின் முன் விசாரணை. சில நாட்களிலேயே எட்டுப் பேருக்கு மரண தண்டனை. 1933 மறுவிசாரணையில், அந்தப் பெண்களில் ஒருவரே அப்படி எதுவும் நடக்கவில்லை என்று சாட்சி சொன்னார். அப்போதும் வெள்ளையர் ஜூரி அசையவில்லை; மீண்டும் மரண தண்டனை.

வழக்கறிஞர் சாமுவேல் லெய்போவிட்ஸ் ஜூரிப் பதிவேட்டையே சாட்சியமாக்கினார். அதில் சில கருப்பர்களின் பெயர்கள் இருந்தன. அவை பிறகு செருகப்பட்டவை என்றார் கையெழுத்து நிபுணர். உச்ச நீதிமன்ற நீதிபதிகள் பூதக்கண்ணாடி வைத்து அந்தப் பக்கத்தைப் பார்த்தார்கள். அந்த மாவட்டத்தில் ஒரு தலைமுறைக்கும் மேலாக ஒரு கருப்பரைக்கூட ஜூரிப் பணிக்கு அழைக்கவில்லை என்பதும் வெளிவந்தது. 1935-ல் கிளாரன்ஸ் நோரிசின் தண்டனை ரத்தானது.

கதை அங்கே முடியவில்லை. 1937-ல் நோரிசுக்கு மறுபடியும் மரண தண்டனை விதித்தார்கள். பிறகு அது ஆயுள் தண்டனையானது. மன்னிப்பு கிடைத்தது 1976-ல். பட்டியலில் பெயர் ஏறிய பிறகும், அரசு வழக்கறிஞர்கள் காரணமே சொல்லாமல் கருப்பர்களை ஜூரியிலிருந்து நீக்கினார்கள். இன அடிப்படையில் நீக்கியதாகச் சந்தேகம் எழுந்தால் காரணம் சொல்லியாக வேண்டும் என்ற தீர்ப்பு 1986-ல்தான் வந்தது.

தோழர்களே, நம் நாட்டில் இன்று ஜூரி இல்லை. ஆனால் வன்கொடுமைத் தடுப்புச் சட்ட விதிகளின்படி மாவட்டந்தோறும் கண்காணிப்புக் குழு இருக்க வேண்டும். உங்கள் மாவட்டக் குழுவில் யார் யார் இருக்கிறார்கள்? கடைசியாக எப்போது கூடினார்கள்? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். லெய்போவிட்ஸ் கேட்டது ஆறுதல் அல்ல, பதிவேடு.