பேசாப் பொதுமனிதன்: ஆர்.கே. லட்சுமணின் கருத்துப்படங்கள்

புனே நகரில் உள்ள சிம்பயாசிஸ் கல்வி வளாகத்தில் 2001ஆம் ஆண்டு ஒரு வெண்கலச் சிலை நிறுவப்பெற்றது. கட்டம் போட்ட மேலங்கி, வேட்டி, மூக்குக் கண்ணாடி, வழுக்கைத் தலையில் எஞ்சிய சில மயிர்கள் எனக் காட்சிதரும் அவ்வுருவம் தலைவர் எவருடையதும் அன்று, ஆர்.கே. லட்சுமண் (1921-2015) படைத்த பொதுமனிதன் அவன். கருத்துப்படங்களில் அவன் வாய் திறப்பதில்லை. அந்த மௌனத்திற்குரிய காரணத்தை இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

மைசூரில் தமிழ்க் குடும்பமொன்றில் பிறந்த லட்சுமண், மாணவப் பருவத்திலேயே ‘தி இந்து’ இதழில் வெளிவந்த தம் தமையனார் ஆர்.கே. நாராயணின் கதைகளுக்குப் படம் வரைந்தவர். பம்பாய் ஜே.ஜே. ஓவியக் கல்லூரி அவருக்கு இடம் தர மறுத்தது. ‘ஃபிரீ பிரஸ் ஜர்னல்’ இதழில் சிறிதுகாலம் பணியாற்றியபின் ‘டைம்ஸ் ஆஃப் இந்தியா’வில் சேர்ந்தார், ஐம்பதாண்டுகளுக்கும் மேலாக அங்கேயே வரைந்தார். பொதுமனிதன் இடம்பெறும் ‘யூ செட் இட்’ என்னும் சிறுபடத் தொடர் 1951இல் தொடங்கியது.

பொதுமனிதன் தோன்றிய முறை நோக்கத்தக்கது. தொடக்கத்தில் லட்சுமண், இந்திய மக்களைக் காட்டத் தமிழர், வங்காளியர், பஞ்சாபியர் எனப் பல மாநிலத்தாரையும் கூட்டமாக வரைந்தார். நாள்தோறும் குறித்த நேரத்திற்குள் படத்தை முடிக்கவேண்டிய நெருக்கடியில் உருவங்கள் ஒவ்வொன்றாகக் குறைந்தன. இறுதியில் எஞ்சியவன் ஒருவனே. இன்ன மாநிலத்தான் என்று அவனைச் சுட்டுவதற்கில்லை. அவ்வாறாயின் அவன் எம்மொழியில் பேசுவான்? மாநில அடையாளம் நீங்கியபோதே மொழியும் நீங்கிற்று என்பது என் கருத்து. அமைச்சர்களும் அதிகாரிகளும் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டிருக்க, அவன் பார்த்துக்கொண்டு மட்டும் நிற்கிறான்.

1906இல் தொடங்கிய ‘இந்தியா’ வார இதழில் பாரதி வெளியிட்ட கருத்துப்படங்களோடு இதனை ஒப்பிடலாம். அங்குப் படத்தோடு தமிழில் விளக்கமும் இடம்பெற்றது. வாசகர் இன்னார் என்பதும் தெளிவாக இருந்தது. லட்சுமணின் பொதுமனிதனோ எல்லார்க்கும் உரியவன். ஆயினும் வேட்டி கட்டிய அந்த நடுத்தர வகுப்பு முதியவனுக்குள் கூலிப்பெண்ணொருத்தி அடங்குவாளா என்ற ஐயம் எழவே செய்கிறது. அவனது மௌனத்தை எதிர்ப்பு என்று மட்டுமே போற்றுவோர் இவ்வினாவை எளிதில் கடந்துவிடுகின்றனர்.

2003இல் பக்கவாதத்தால் இடப்பக்கம் செயலிழந்த பின்னரும் லட்சுமண் வரைவதை நிறுத்தவில்லை. பிற்காலத்தில் மங்கள்யான் விண்கலம் குறித்து வரைந்த படத்திலும் பொதுமனிதனே இடம்பெற்றான். 2015 ஜனவரி 26, குடியரசு நாளன்று, லட்சுமண் புனேயில் காலமானார். மக்கள் அஞ்சலிக்காக அவரது உடல் வைக்கப்பெற்ற இடம், அச்சிலை நிற்கும் சிம்பயாசிஸ் வளாகமே.